கபூர் கண்ட நல்லது

1982 மார்ச் 9
சாகாமத்து வயலில் அறுவடை முடிந்தது. எனக்கு எழுத்துத் தெரியாது. நான் சொல்கிறேன், மருமகள் சுல்பிகா எழுதுகிறாள்.

அவளுடைய புருஷன், என் மகன் காலிதீன் மௌத்தாகி நாலாவது மாதம். குளத்துத் தண்ணீரைப் பெரிய வயற்காரப் போடியார்மார் மறித்தார்கள் என்று ஏழை வெள்ளாமைக்காரரைக் கூட்டிக் கதைத்தான். பொலிஸ் கொண்டுபோனது. மறுநாள் உயிரில்லாமல் மையித்தாகத் தந்தது. பொலிஸ் கூட்டுக்குள் வழுக்கி விழுந்தானாம். சீமெந்துத் தரை வழுக்கும்தானே.

மார்ச் 12
மையித்தைத் தந்த அன்றைக்கு நான் வயலில் இருந்து வந்து சேரும்போது கபன் சீலையால் சுற்றிக் கட்டியாயிற்று. முகம் மட்டும் காட்டினார்கள். முகத்தில் ஒன்றும் இல்லை. உடம்பின் மீதியைக் கண்டவன் மையித்தைக் குளிப்பாட்டிய அப்துல் கபூர். தண்ணீர் அள்ளிக் கொடுத்தவன் சவூதிக்குப் போய்விட்டான்.

கபூரைக் கூப்பிட்டுக் கேட்டேன்.

“மையித்தில கண்ட கெட்டத வெளியில செல்றது ஹறாம், காக்கா. கேக்காதீங்க.”

தேத்தண்ணியில் சீனி கூட என்று சொல்லிவிட்டுப் போனான். அது சொல்லலாம் போல.

மார்ச் 20
எங்கள் வழக்கைப் பார்க்கும் சட்டத்தரணி தங்கரத்தினம் ஐயா சொன்னார்: “கபூர் வாய் திறக்காட்டி கபுறைத் தோண்டி மையித்தைத் திரும்பப் பாக்க உத்தரவு கிடைக்காது. வழக்கும் முடிஞ்சிது.”

மார்ச் 21
நித்திரை இல்லை. நுளம்புக் கடி என்றேன். சுல்பிகாவும் நுளம்பு என்றாள்.

மார்ச் 26
சூறாவளி வருஷம் என் கூடப்பிறந்த மூத்த காக்கா றவூப் மௌத்தானார். குளிப்பாட்டிய கபூர், முகம் ஒளியாக இருந்தது என்று சந்தை முழுக்கச் சொன்னான். உயிரோடு இருந்தபோது அந்த முகத்தில் ஒளி கண்டவர் யாரும் இல்லை. இன்று அது ஞாபகம் வந்தது. எழும்பிக் கபூரிடம் போனேன்.

“தம்பி, மையித்தில கண்ட நல்லதச் செல்லலாமா?”

“ஓம் காக்கா. நல்லதுதானே.”

“அப்ப கோட்டில நீதவானுக்கு நல்லத மட்டும் செல்லு.”

கோட்டு எத்தனையாம் திகதி என்று கேட்டான்.

ஏப்ரல் 5
கபூர் சாட்சிக் கூட்டில் ஏறினான். என்ன கண்டாய் என்று நீதவான் கேட்டார்.

“நல்லத மட்டும் செல்றன் ஐயா. முகம் நல்லம். இடது கை நல்லம், விரலெல்லாம் நேரா இருந்திச்சி.”

“வலது கை?”

கபூர் பேசவில்லை.

“முதுகு?”

பேசவில்லை.

“கால்?”

“இடது கால்ல முழங்காலுக்கு மேல நல்லம் ஐயா.”

பொலிஸ் பக்கத்துச் சட்டத்தரணி சிரித்தார். பிறகு சிரிக்கவில்லை.

இந்த இடத்தில் சுல்பிகா பேனையை வைத்துவிட்டாள். பிறகு எடுத்தாள்.

ஏப்ரல் 16
நாளை காலை கபுறைத் தோண்ட உத்தரவு. முதலில் வழுக்கி விழுந்ததென்று எழுதியவர் இல்லை, வேறு டாக்குத்தர் வருகிறார். கபூர் புதுக் கபன் சீலை வாங்கி வந்தான்.

“திரும்ப நான்தான் சுத்துவன், காக்கா.”

“இந்தமுறை நானும் பக்கத்தில நிப்பன்.”

“நில்லுங்க. கண்டத வெளியில செல்லப்படாது.”

“நான் குளிப்பாட்டுறவன் இல்ல தம்பி. நான் பெத்த வாப்பா. செல்லுவன்.”

கபூர் யோசித்தான். ஓம் என்றான்.

தேத்தண்ணியில் இன்றைக்கும் சீனி கூடவாம்.