விளக்கு வைத்த பிறகு இறங்கும் சூடு

மாமா, நான் சொல்லச் சொல்ல நம் மகள் எழுதுகிறாள். இன்றைக்கு ஒரு குரங்கு மாடி ஓரத்துப் பானையைப் பெயர்த்துப் போட்டது. கோட்டைப் பக்கமிருந்து வருகிற குரங்குகள். போன வாரம் பாகாலா போகிற ரயிலிலேயே ஒன்று ஏறியதாம், அது பெரிய கதை. உடைந்த பானை ஓட்டில் தண்ணீர் தெளித்தேன். அந்த மண்வாசனையில் நீ வந்துவிட்டாய்.

குவைத்துப் பணத்தில் ஓலையைப் பிரித்துக் கான்கிரீட் போட்டாய். கோடை வந்ததும் உள்ளே படுக்க முடியவில்லை. இதோ எழுதுகிறாளே, இவளுக்கு அப்போது உடம்பெல்லாம் வேர்க்குரு. நீ திரும்பக் கிளம்புவதற்குள் வீடு குளிராவிட்டால் பிள்ளையோடு நகரிக்கு, என் அம்மா வீட்டுக்கே போய்விடுவேன் என்றேன்.

“வெயிலு போயி விளக்கு வெச்சாச்சு. இப்ப எங்கேருந்து மாமா சூடு வருது?”

“மத்தியானம் மேல வுழுந்ததுதான்டி. மெல்ல வந்துகினு கீது.”

“கல்லுல ஒரு ஓட்டகூட இல்ல. எந்த வழியா வருது?”

“கான்கிரீட் போட்ட அன்னிக்கு ஆளுங்க வரிசையா நின்னு சட்டி கை மாத்தனாங்க இல்ல? ஒருத்தனும் நவுரல. சட்டி மட்டும் போயிகினே இருந்துது. அப்பிடித்தான்.”

“இங்க யாரு கை மாத்தறது?”

நீ தலையைச் சொறிந்தாய். குவைத்தில் உனக்கு இதையெல்லாம் சொல்லிக்கொடுத்த மேஸ்திரி அதைச் சொல்லவில்லையாம்.

மறுநாள் ஒரு வண்டி மண்பானை வாங்கி வந்து, மாடி முழுக்கக் கவிழ்த்து, இடுக்கில் சுண்ணாம்பு பூசினாய். எதிர்வீட்டு அண்ணன் சும்மா இருப்பாரா?

“இன்னாப்பா, மாடி மேல கல்யாண சமையலா?”

“சூரியனுக்குண்ணா. மேலயே துன்னுட்டு போவட்டும், கீழ வர வேணாம்.”

என்னிடம் மட்டும் சொன்னாய்: “பானைக்குள்ள காத்துதான கீது. கை மாத்த ஆளு கம்மி.”

விளக்கு வைத்ததும் கட்டில்மேல் ஏற்றி என் உள்ளங்கையைக் கூரையில் வைக்கச் சொன்னாய். வெதுவெதுப்புத்தான். பிள்ளை தூங்கியது. நான் நகரிக்குப் போகவில்லை. நீ குவைத்துக்குப் போனாய். சேதிதான் திரும்பி வந்தது.

அன்றைக்கு எனக்கு அழுகை வரவில்லை. கல்லு மாதிரி உட்கார்ந்திருக்கிறாள் என்று பேசிக்கொண்டார்கள். காரியம் முடிந்து, வந்தவர்கள் எல்லாம் ஊருக்குப் போய், நான் மட்டும் விளக்கேற்றின சாயங்காலம்தான் அது வந்தது. எந்த வழியாக வந்தது, யார் கை மாற்றினார்கள், எனக்கு இன்னும் புரியவில்லை.

இன்றும் விளக்கு வைத்தபின் கட்டில்மேல் ஏறிக் கூரையில் கை வைத்துப் பார்த்தேன். பானை போன இடத்துக்குக் கீழே மட்டும் சுட்டது. கையை எடுக்கவில்லை, மாமா.