நீ உட்காராத நாற்காலி

என் நைனாவுக்கு,

ஜெயித்துவிட்டேன்! அம்மாவிடம் சொன்னேன், அழுதுவிட்டாள். உன் மாப்பிள்ளைக்குப் போன் போட்டேன். எளாவூர் செக்போஸ்ட்டில் லாரிகளுக்கு நடுவே மாட்டிக்கொண்டிருந்த மனுஷன், "இன்னா? ஒண்ணும் கேக்கல, சத்தமா சொல்லு" என்றார். சத்தமாகச் சொன்னதில் தெருவுக்கே தெரிந்துபோயிற்று. நீ ஒருத்தன்தான் பாக்கி.

கண்காணிப்பாளராகப் பதவி உயர்வு, நைனா. பொறுப்பு பார்த்த காலத்துக்கும் அந்தப் பதவியின் சம்பளம் உண்டு, சீனியாரிட்டியும் அந்த முதல் நாளிலிருந்தே. உத்தரவைத் திரும்பத் திரும்பப் படிக்கிறேன். எங்கேயாவது ஒரு 'ஆனால்' ஒளிந்திருக்குமோ? மேல்முறையீடு என்று கிளம்புவார்களோ? சந்தோஷம் வந்தால் கூடவே எனக்குச் சந்தேகமும் வரும், அது உனக்குத் தெரியும்.

நீ கண்ணை மூடின பிறகு நடந்த எதையும் உனக்குச் சொல்லவில்லை. சின்னக் குழந்தையை வைத்துக்கொண்டு பேனாவைத் தொட முடிந்தால்தானே? தாமதம்தான், கோபித்துக்கொள்ளாதே.

கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டையில் எங்கள் வாரியத்தின் பிரிவு அலுவலகத்தில் நான் உதவியாளராகச் சேர்ந்தது வரை உனக்குத் தெரியும். அங்கே கண்காணிப்பாளர் ஓய்வு பெற்றார். அந்த இடத்துக்கு யாரையும் போடவில்லை. மேலதிகாரி போனில், "நீயே பாத்துக்கம்மா, ஆர்டர் பின்னால வரும்" என்றார். என் வேலையையும் பார்த்தேன், அந்த வேலையையும் பார்த்தேன். ஆர்டர் வரவே இல்லை.

'பின்னால வரும்.' உன் காதுக்குப் பழகின வார்த்தைதானே அது?

உன் ஒர்க்‌ஷாப்பில் நீ போர்மேன் பொறுப்பு பார்த்த காலம் முழுக்க, நம் வீட்டுச் சிவப்பு பிளாஸ்டிக் ஸ்டூலைக் கொண்டுபோய் போர்மேன் மேஜைக்குப் பக்கவாட்டில் போட்டு உட்கார்ந்திருந்தாய். "சேரு காலியாத்தானே கீது, அதுல குந்தறதுக்கு இன்னா?" என்று அம்மா கேட்டால், "அது நம்ப சீட்டு இல்லடி. ஆர்டர் வரட்டும், குந்தறேன்" என்பாய். உங்கள் ஒர்க்‌ஷாப்பில் பொறுப்பு பார்க்கிறவர்கள் எல்லாரும் அப்படித்தான். ஆர்டர் இல்லாமல் உட்கார்ந்தால் திமிர் பிடித்தவன் என்று பேசுவார்களே என்ற கூச்சம்.

கடைசியில் நீ மனு போட்டபோது அதைத்தானே திருப்பிச் சொன்னார்கள்? கூடமாட ஒத்தாசை செய்தார், அந்த இடத்தில் அவர் உட்கார்ந்ததே இல்லை என்று. அன்றைக்கு நீ ஸ்டூலைத் தலைகீழாக ஸ்கூட்டரில் கட்டிக்கொண்டு வந்து வாசலில் இறக்கினாய்.

அதனால்தான் நான் முதல் நாளே உட்கார்ந்தேன், நைனா. கண்காணிப்பாளர் நாற்காலியிலேயே.

எங்கள் சீனியர் கோவிந்தன் சாருக்குப் பொறுக்கவில்லை. "இன்னா மேடம், ஆர்டர் வர்றதுக்குள்ள அரியணை ஏறிட்டீங்களா?"

"கால் வலிக்குது சார்."

"எங்களுக்கெல்லாம் காலே இல்லியா?"

ஆபீஸே சிரித்தது. நானும் சிரித்துவிட்டு ஃபைலைப் பிரித்தேன். அப்புறம் தரணி வயிற்றில் வந்தான். மேஜைக்கும் எனக்கும் நடுவே இடம் குறையக் குறைய நாற்காலியைப் பின்னால் தள்ளிக்கொண்டேனே தவிர, எழுந்திருக்கவில்லை.

பிரசவ விடுப்பு முடிந்து திரும்பினால் அந்த நாற்காலியில் வேறொருவர். கேட்டதற்கு, "நீங்க கூடுதல் வேலைதானே பாத்தீங்க, அந்தப் பதவியில எங்க இருந்தீங்க?" என்றார்கள். எனக்கு உன் முகம்தான் ஞாபகம் வந்தது. மனு போட்டேன். உன் மாப்பிள்ளை வேண்டாம் என்றார், குழந்தைக்காரிக்கு எதற்கு இந்தப் பேஜாரு என்றார். சில நாள் எனக்கும் அப்படித்தான் தோன்றியது.

விசாரணையில் நிர்வாகத்தின் சாட்சி யார் தெரியுமா? கோவிந்தன் சாரேதான்! என் அடக்கமின்மையை விளக்கத் தொடங்கினார் மனுஷன்.

"இந்தம்மாவுக்கு மரியாதையே கெடயாது சார். நாங்க அத்தினி பேரு சீனியரு நின்னுகினு இருக்கோம், இது பாட்டுக்குக் கண்காணிப்பாளர் சேர்ல குந்திகினு எங்களுக்கு வேல சொல்லிகினு இருக்குது!"

விசாரணை அதிகாரி கண்ணாடியைக் கழற்றினார். "எப்பலேர்ந்து?"

"மொத நாள்லேர்ந்தே சார்!"

"அவங்க சொன்ன வேலைய நீங்க செஞ்சீங்களா?"

"செய்யாம? கையெழுத்து அதுதானே போடணும்!"

நிர்வாகத்தின் பக்கம் இருந்தவர் தலையில் கை வைத்துக்கொண்டார். தான் என்ன சொன்னோம் என்பது கோவிந்தன் சாருக்கு வராந்தாவுக்கு வந்த பிறகுதான் உறைத்தது. "உனுக்கு எதிராத்தாம்மா சொன்னேன், இப்பிடி ஆயிடுச்சே" என்றார். "ரொம்ப தேங்க்ஸ் சார்" என்று கும்பிட்டேன். நிஜமாகவே கும்பிட்டேன், நைனா.

உத்தரவைக் கேட்டுவிட்டு அம்மா சொன்னது ஒன்றுதான்: "அந்த மனுசன் ஒரு நாளாவது குந்தியிருக்கக் கூடாதா." நீ உட்கார்ந்திருந்தால் கிடைத்திருக்குமா? வேறு ஏதாவது காரணம் சொல்லியிருப்பார்களா? எனக்கு விடை தெரியவில்லை.

உன் சிவப்பு ஸ்டூல் பத்திரமாக இருக்கிறது. உன் பேரன் அதில் ஏறி நின்றுதான் வாஷ்பேசினில் பல் விளக்குகிறான். இறக்கிவிட்டால் கத்துகிறான்.

இன்று சாயங்காலம் நான் கிளம்பும்போது ஒன்றைப் பார்த்தேன். காசாளர் வேறு ஊருக்கு மாற்றலாகிவிட்டார். மீனா என்று ஒரு சின்னப் பெண்ணிடம் பொறுப்பைப் பார்த்துக்கொள்ளச் சொல்லியிருக்கிறார்கள், போனில்தான். அவள் காசாளர் நாற்காலியைத் துடைத்துவிட்டு, பக்கத்தில் ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டுக்கொண்டிருந்தாள்.

நாளைக்கு நான் பதவி ஏற்றதும் முதல் வேலை, அந்த ஸ்டூலை வெளியே எடுத்துப் போடுவதுதான். ஏன் என்று கேட்டால் உன்னைப் பற்றிச் சொல்வேன். அவள் நாற்காலியில் உட்கார்ந்த பிறகுதான் நான் என் நாற்காலியில் உட்காருவேன். சத்தியம், நைனா.

நாற்காலியை விடாத உன் பொண்ணு,
தரணியின் அம்மா,
தேன்மொழி