நாலு விரல்

அஸ்தினாபுரம்,
11 ஆகஸ்ட் 1974.

அன்பு மகள் ஞானஜோதிக்கு,

கர்த்தருடைய சமாதானம் உன் விடுதி அறையிலும் உன் படிப்பு மேசையிலும் தங்கியிருக்கட்டும். நாங்கள் இருவரும் சுகம். அம்மா எலுமிச்சை ஊறுகாய் போட்டு வைத்துக்கொண்டு, பரோடா பக்கம் போகிறவர்கள் யாராவது உண்டா என்று சர்ச்சில் விசாரித்துக்கொண்டிருக்கிறாள்.

உன் கடிதம் புதன்கிழமை வந்தது. உன் தீசிஸைப் படித்த வெளியூர்ப் பேராசிரியர் நாலாவது அட்டவணையைத்தான் ரொம்பவும் பாராட்டினார் என்றும், இருபத்தாறாம் தேதி வாய்மொழித் தேர்வில் அதைப் பற்றித்தான் கேட்பார் என்றும், அதன் அடியில் ‘களப் பதிவு: ஐ. தயாளன்’ என்று என் பெயரைப் போட்டிருப்பதாகவும் எழுதியிருந்தாய். அம்மாவுக்கு மூன்று தடவை படித்துக் காட்டினேன். நாலாவது தடவைக்கு அவள் ரசத்தை இறக்கப் போய்விட்டாள். இருபத்திரண்டு வருஷமாக லேபில் தவளையும் கரப்பானும் பிடித்துக் கொடுத்த அட்டெண்டரின் பெயர் ஒரு தீசிஸில் வருவதென்றால் சும்மாவா?

அந்த அட்டவணை தப்பு, ஜோதி. அதைச் சொல்லத்தான் இந்த எக்ஸ்பிரஸ் கடிதம்.

போன வருஷம் கேளம்பாக்கத்து மணல் பொட்டலில் விசிறி ஓணான்களை ஈர்க்குச்சிச் சுருக்கில் பிடித்துப் பின்னங்காலைப் பார்க்கச் சொல்லிவிட்டுப் போனாய். ஒரு விரல் குறைந்திருந்தால் அது நீ முன்பே வெட்டிக் குறி போட்டது, எழுதிக்கொண்டு விட்டுவிடுங்கள் என்றாய். நானும் பிடித்தேன். உடம்பு என் ஆள்காட்டி விரல் அளவுகூட இல்லை, அதற்குள் என்ன மிடுக்கு! ஆண், கல்லின்மேல் ஏறி, கழுத்துக்கடியில் மடித்து வைத்திருக்கும் வெள்ளை விசிறியை நீலக் கோட்டோடு பட்டென்று விரித்துக் காட்டுகிறது. துரத்தினால் இரண்டு காலில் எழுந்து ஓடுகிறது.

எதைப் பிடித்தாலும் பின்னங்கால் இரண்டிலும் நாலு விரலுக்கு மேல் இல்லை. லேபில் நான் பார்த்த தோட்டத்து ஓணானுக்கு ஐந்து. இரண்டு காலிலுமா வெட்டியிருப்பாள் என்று ஒரு கணம் தோன்றத்தான் செய்தது. என் மகள் எதையும் அரைகுறையாகச் செய்ய மாட்டாள் என்று நானே பதிலும் சொல்லிக்கொண்டேன். முப்பத்தொன்று பிடித்தேன். முப்பத்தொன்றுக்கும் ‘குறி உண்டு’ என்று எழுதினேன்; அதுதான் உன் நாலாவது அட்டவணை. டீக்கடை பக்கீர் முகமது பாயிடம், இந்தப் பொட்டலில் என் பெண் கைக்குத் தப்பிய ஓணானே கிடையாது என்று பீற்றிக்கொண்டேன். இன்னா சார், ஓணானுக்கெல்லாம் ரேஷன் கார்டு போட்டு வச்சிகீதா உங்க பொண்ணு என்று அவர் கேட்டார். ஆமாம் பாய் என்றேன்.

இந்த வருஷம் ஜூன் கடைசியில், பழக்கம் விடாமல் அங்கே போனபோது, ஒரு பெண் ஓணான் குழி பறித்து, ஆறு முட்டையிட்டு, மண்ணை மூடி மூக்காலேயே தட்டித் தட்டி இறுக்கியதைப் பார்த்தேன். அதன்மேல் வலைக்கூண்டைக் கவிழ்த்து வைத்தேன். நேற்று நாற்பத்து மூன்றாம் நாள். போய்ப் பார்த்தால் நாலு குஞ்சு வெளியே வந்திருந்தது. ஒன்றை உள்ளங்கையில் வைத்து, கண்ணாடியை மாட்டிக்கொண்டு பார்த்தேன். பின்னங்காலில் நாலு விரல். அடுத்ததற்கும் நாலு. பிறந்த அன்றைக்கே யார் வந்து வெட்டினார்கள்?

அப்படியே மணலில் உட்கார்ந்துவிட்டேன். இந்த ஓணான் சாதிக்கு ஆண்டவர் கொடுத்ததே நாலுதான். எனக்குத் தெரிந்திருக்கும் என்று நீ நினைத்தாய். கேட்டால் அட்டெண்டருக்கு இதுகூடத் தெரியாதா என்று ஆகிவிடுமே என்று நான் கேட்கவில்லை.

பஸ்ஸில் திரும்பும்போது நோட்டைப் புரட்டினேன். ஏழு ஓணான்களுக்கு எதிரே, ‘ஒரு காலில் மூன்று விரல்தான், இரண்டு வெட்டு’ என்று எழுதியிருக்கிறேன். நீ குறி போட்டவை அந்த ஏழுதான். மற்ற இருபத்து நாலும் யார் கையும் படாதவை. ஏழும் பிடிபட்ட இடங்களைத் தனித் தாளில் எழுதி வைத்திருக்கிறேன்.

அம்மா அழுதுவிட்டாள். முப்பத்தொன்று என்று மெச்சியவரிடம் பிள்ளை ஏழு என்று போய் நிற்பதா, பட்டம் போய்விட்டால் என்ன செய்வது, இங்கே வந்து யார் ஓணான் விரலை எண்ணப் போகிறார்கள் என்றாள். எனக்கும் பயமாகத்தான் இருக்கிறது. ஆனால் என்றைக்காவது ஒருத்தி உன் தீசிஸை நம்பி அந்தப் பொட்டலில் வந்து நிற்பாள். அவள் எண்ணுவாள்.

ஆகையால் அவர் கேட்கும் முன்பே நீயே சொல்லிவிடு. யார் செய்த தப்பு என்று கேட்டால், என் அப்பா செய்தது, கண்டுபிடித்து எழுதியதும் அவர்தான் என்று தலைநிமிர்ந்து சொல். நான் இங்கே தலைநிமிர்ந்துதான் இருப்பேன். இத்தனை பெரிய தப்பைச் சொல்லலாம் என்ற தைரியம் கொடுக்கிற மகள் எத்தனை பேருக்கு இருக்கிறாள்?

அட்டவணைக்கு அடியில் உள்ள என் பெயரை அடித்துவிடு, ஜோதி. எனக்கு ஒரு குறையும் இல்லை. முதல் பக்கத்தில் ‘டி. ஞானஜோதி’ என்றுதானே இருக்கிறது? அந்த ‘டி’ நான்தான். அதை யாரும் அடிக்க முடியாது.

இருபத்தாறாம் தேதி கர்த்தர் உன் வாயோடு இருப்பாராக.

உன் அப்பா,
ஐ. தயாளன்