மேற்கே திரும்பிய ஓடை

அன்பு மகள் ஜான்சிக்கு,

ஆண்டவர் அருளால் சுகம். உன் முழங்கால் வலி தேவலையா?

இங்கே, சிதம்பரம் விடுதிக்குப் பின்னால் ஓடும் சிறு ஓடை கிழக்கே போய் வெள்ளாற்றில் சேரும். ஆறு நிரம்பிவிட்டதால் நேற்றிலிருந்து ஓடை மேற்கே, எங்களை நோக்கி ஓடுகிறது. காலையில் பின்வாசல் மூன்றாம் படியில் சாக்பீசால் கோடு போட்டேன். மதியம் கோட்டைக் காணவில்லை.

"நீங்க கோடு போட்டா தண்ணி நின்னுடுமா வார்டனம்மா?" என்று சமையல்கார அஞ்சம்மாள் சிரித்தாள். பிறகு அவளே அரிசி மூட்டையை மாடிக்குத் தூக்கினாள். நாற்பது பிள்ளைகளையும் மாடிக்கு ஏற்றிவிட்டேன். பயப்பட ஒன்றுமில்லை.

அப்பா விட்டுப்போன ரயில்வே விசிலைத் துணியில் சுற்றி, இதைக் கொண்டுவரும் பஸ் கண்டக்டரிடமே கொடுத்தனுப்பு. ஒரு டார்ச்சும் வை.

கண்டக்டர் அவசரப்படுத்துகிறார். பிள்ளைகள் என் கையை விடமாட்டேன் என்கிறார்கள். எனக்கு நீச்சல் தெரியாது என்று இங்கே யாருக்கும் தெரியாது, நீயும் சொல்லிவிடாதே.

உன் அம்மா