ஃபிரிட்ஜ் கதவில் ஒரு புரட்சி

சஹானா,

மராத்தி பேசும் ஆகுர்டியில் இந்த நாலாவது மாடியை ஆளும் கொடுங்கோல் அரசி, அதாவது உன் அம்மா, ஆபீஸ் பஸ் பிடிக்கக் கிளம்பிவிட்டாள். அவல் போஹா கடாயில் மூடியிருக்கிறது. சிலிண்டர் வந்தால் பக்கத்து வீட்டு ஜோஷி காக்குவைக் கூப்பிடு.

பரீட்சையைச் சொல்லி நேற்று உன் டேப்லெட்டை அலமாரியில் வைத்துப் பூட்டியவள், இன்று காலை பருப்பு வேகும் நேரத்தில் அதைத் தானே எடுத்தாள். அந்தக் கடற்கொள்ளைக்கார அனிமேயில் அப்படி என்னதான் இருக்கிறது என்று வேவு பார்க்கத்தான் உட்கார்ந்தாள். குக்கர் எத்தனை விசில் அடித்ததோ தெரியாது. தீவில் யாரும் பாடக் கூடாது என்று சட்டம் போட்டவனை விரட்டிய பிறகும், அந்தக் கப்பல் தலைவி சிம்மாசனத்தில் உட்காரவில்லை. அதை உடைத்து அடுப்பெரித்து, ஊருக்கே கஞ்சி காய்ச்சினாள். என்ன பொண்ணுடி அவள்! அரசி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். பருப்பு குழைந்துவிட்டது. மதியம் முணுமுணுக்காமல் சாப்பிடு.

அலமாரிச் சாவி உப்பு டப்பாவுக்குப் பின்னால் இருக்கிறது. கணக்குப் பாடத்தை முடித்துவிட்டு எடு. நான் வரும்வரை அடுத்த எபிசோடைத் தொடாதே, சேர்ந்து பார்க்கலாம்.

பி.கு: ஃபிரிட்ஜில் 'அம்மா ஆட்சி ஒளிக' என்று ஒட்டியிருக்கிறாயே, யாரும் சொல்லாமல் நீயாகத் தமிழில் எழுதிய முதல் வரி அது. கோபமே வரவில்லை, பூரித்துப்போனேன். ஆனால் 'ள' போட்டால் ஆட்சி எங்காவது போய் ஒளிந்துகொள்ளும், ஒழியாது. சிவப்புப் பேனாவால் 'ழ' போட்டு வைத்திருக்கிறேன்.