உன் தங்கையின் பிறந்த தேதி விஷயமாக

அன்பு மகனுக்கு, அம்மா சொல்லச் சொல்ல உன் தங்கை எழுதுவது. நாங்கள் இருவரும் இங்கே சுகம். நீயும் இருமல் நின்று, வேளைக்குச் சாப்பிட்டு நன்றாக இருக்கிறாய் என்று நம்புகிறேன். குளிர்ந்த தண்ணீர் குடிக்காதே கண்ணா. மாடி வீட்டுக்காரர் ஒருவழியாகக் குழாயைச் சரிசெய்துவிட்டார், சமையலறைச் சுவர் இப்போதுதான் காய்ந்து வருகிறது. என் முழங்கால் அப்படியேதான் இருக்கிறது, அதற்காகக் கவலைப்படாதே. இனி சொல்லப் போகும் விஷயத்தைப் போனில் எடுத்தாலே நீ பேச்சை மாற்றிவிடுகிறாய், அதனால்தான் கடிதம்.

சின்னவள் மறுபடி படிக்க ஆசைப்படுகிறாள். நான் நோயில் படுத்த வருடம் எட்டாம் வகுப்போடு நின்றவள், இப்போது தையல் கடையில் பட்டன் தைக்கிறாள். வாய் திறந்து எதையும் கேட்காத பெண், மாலை நேரப் பள்ளி ஒன்றைத் தானே விசாரித்து வந்தாள். பதினாறு முடிந்தவர்களை அங்கே எடுக்க மாட்டார்களாம். இவளுக்குப் பதினைந்துதான். ஆனால் பழைய பள்ளியில் டி.சி. வாங்கப் போனால் பதினேழு என்று இருக்கிறது. சேர்க்கும்போது உன் அப்பா பெட்டியில் கைக்கு வந்த பிறப்புச் சான்றிதழைக் கொடுத்திருக்கிறார், அது பெரியவளுடையது. பெரியவள் போன பிறகு அந்தப் பெயரைக் கூப்பிடாமல் என்னால் இருக்க முடியவில்லை, அடுத்துப் பிறந்தவளுக்கும் அதையே வைத்தோம். ஒரே பெயர், ஆளும் வளர்த்தி, யாருக்குச் சந்தேகம் வரும்? விஷயம் தெரிந்ததிலிருந்து கடை மாஸ்டர், "பதினேழு வயசு மகாராணிக்கு இன்னும் ஊசியில நூல் கோக்கத் தெரியலையே" என்று கேலி செய்கிறாராம்.

பள்ளி கிளார்க் இரண்டு சான்றிதழையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்து, "பேருக்கு அவ்வளவு பஞ்சமாம்மா உங்க வீட்டுல?" என்று சிரித்தார். பிறகு, "அப்போ இந்தத் தேதியில பொறந்த பொண்ணு எங்கம்மா?" என்றார். உன் தங்கைதான், "இல்லைங்க சார்" என்றாள். அவர் சிரிப்பை நிறுத்திவிட்டு என்னை உட்காரச் சொன்னார். பெரியவள் உயிரோடு இல்லை என்றால் இறப்புச் சான்றிதழ் வேண்டுமாம். அதை நாங்கள் வாங்கவே இல்லை என்று உனக்குத் தெரியும். அப்பா இருந்தவரை அவருக்கும் சரி, எனக்கும் சரி, அந்த அலுவலகப் படியேற மனம் வரவில்லை. இப்போது பதிந்தாலும் கொடுப்பார்களாம். நானும் வீட்டில் பெரியவர் இன்னொருவரும் கையெழுத்திட வேண்டும், அப்பா இல்லாததால் நீதான்

அண்ணா, இனி நான் எழுதுகிறேன். அம்மா எழுந்து போய், மடித்து வைத்த துணிகளை உதறி மறுபடி மடித்துக்கொண்டிருக்கிறார். கடிதத்தோடு வைத்திருக்கும் இறப்புப் பதிவுத் தாளில் அவர் கையெழுத்துப் போட்டுவிட்டார். இறந்த தேதிக்கான இடம் மட்டும் காலி. கேட்டால், "அன்னைக்கு அவனுக்கு ஸ்கூல்ல பரிசு கொடுத்தாங்க, அவனுக்கு மறக்காது" என்கிறார். அந்தப் பரிசை நீ எங்கே போட்டாய் என்று இதுவரை யாருக்கும் தெரியாதாம். படிக்காவிட்டாலும் பரவாயில்லை, உன்னைக் கஷ்டப்படுத்த வேண்டாம் என்று எழுதத்தான் நினைத்தேன். எழுத வரவில்லை. எனக்குப் படிக்க வேண்டும் அண்ணா. அக்காவை நானே கணக்கிலிருந்து எடுப்பது போலவும் இருக்கிறது. ஆனால் அவள் தேதியில் நான் இருந்துகொண்டு, அவள் செத்ததுகூட எங்கும் பதியாமல் கிடப்பதும் சரியாகப் படவில்லை. மாதக் கடைசியோடு சேர்க்கை முடிகிறது. நீயே தேதியைப் போட்டு, கீழே கையெழுத்திட்டு அனுப்பு.

அம்மா வந்துவிட்டார். அண்ணன் மனம் நோகும்படி எதுவும் எழுதவில்லையே என்று கேட்கிறார். பதிவுத் தபாலில் அனுப்பச் சொல், சாதாரணத் தபாலில் போட்டுவிடப் போகிறான் என்கிறார். இருமல் மருந்தை நடுவில் நிறுத்தாதே என்கிறார். என் மூன்று பிள்ளைகளும் எங்கே இருந்தாலும் ஒரு குறையும் இல்லாமல் இருக்க வேண்டும் என்று எழுதச் சொன்னார், எழுதிவிட்டேன்.

இப்படிக்கு,
உன் அம்மா
(எழுதியது தங்கை)