மச்சான் ஓடவைத்த கார்

12.3.89, ஞாயிறு

துபாயிலிருந்து மச்சான் கொண்டுவந்த கம்ப்யூட்டரில் கார் பந்தய விளையாட்டு இன்றுதான் ஓடியது. லீவு முழுக்க அதோடுதான் மல்லுக்கட்டினார். முதலில் கம்ப்யூட்டரைக் கிளப்பும் டாஸ் டிஸ்கைப் போட்டு, பிறகு விளையாட்டு டிஸ்கைப் போடுவார். கட்டளை தவறு என்றே திரையில் வரும். செவ்வாய்க்கிழமை திரும்பவும் துபாய்ப் பயணம். கட்டினவள் என்னோடு பேச நேரமில்லை.

எரிச்சலில், "டாஸே வேணாம் மச்சான், கார் டிஸ்கை வச்சிட்டு சுவிட்சப் போடுங்க" என்றேன்.

"டாஸ் இல்லாம எதுவும் ஓடாது புள்ள" என்றவர், போட்டுப் பார்த்தார். கார் வந்துவிட்டது! தானாகவே ஓடும் டிஸ்காம் அது.

"நீ ஓட்டுறியா?" என்று நாற்காலியை விட்டு எழுந்தார். எடுத்த எடுப்பில் வேலியில் மோதினேன். அவர் சிரித்த சிரிப்பில் மாமி அடுப்படியிலிருந்து ஓடிவந்தார். அந்தி நேரத்து மஃரிபு பாங்கு வரை மாறி மாறி ஓட்டினோம்.

செவ்வாய்க்குப் பிறகு யாரோடு ஓட்டுவது என்று நினைத்துக்கொண்டே டிஸ்கை உறையில் போட்டேன். அவரே சொன்னார்: "அடுத்த லீவுக்குள்ள நல்லாப் பழகிக்க. வந்து தோக்குறேன்."